ஆத்துல நீந்துத பயல பிரெஸ்ட் ஸ்ட்ரோக் போட்டிக்கு கொண்டு போறது எப்படி

நம்ம திருநெல்வேலி தாமிரபரணிக் கரைல குறுக்குத்துறை, வண்ணாரப்பேட்டை, சேரன்மாதேவி பக்கம்லாம் சின்னப் புள்ளையே படித்துறைல இருந்து குதிச்சு அக்கரைக்கு போயிட்டு வந்துரும், அதனால "எம் மவன் நல்லா நீந்துவான் அண்ணாச்சி, போட்டில விடலாமா"ன்னு கேக்காத ஆளே இங்க கிடையாது. தாராளமா விடுங்க. ஆனா எல்லாரும் ஃப்ரீஸ்டைல்னு ஓடுதாவ, எனக்கு கேட்டா கால் மட்டும் ஒத்து வந்துட்டுன்னா பிரெஸ்ட் ஸ்ட்ரோக்லதான், அதாவது தவளை மாதிரி உதைச்சு நீந்துறதுலதான் விடணும். மீட்ல (நீச்சல் போட்டில) போய் பாருங்க, ஃப்ரீஸ்டைலுக்கு ஹீட்ஸ் (முதல் சுத்துப் போட்டி) மேல ஹீட்ஸ் போய்க்கிட்டே இருக்கும், பிரெஸ்ட் ஸ்ட்ரோக்குக்கு ஆள் கம்மி, அதுலயும் ஒழுங்கா உதைக்கிறவன் ரொம்ப கம்மி. நாலு பேரு ஆளுக்கு ஒரு ஸ்ட்ரோக் நீந்துற மெட்லி ரிலேக்கு எந்த டீமா இருந்தாலும் ரெண்டாவதா இறங்க ஒரு பிரெஸ்ட் ஸ்ட்ரோக் ஆள் வேணும்லா, அந்த இடம் நல்லா உதைக்கிற பயலுக்கு தன்னால வரும்.

மொதல்ல காலப் பாருங்க. பயல தரைல குத்த வச்சு உக்காரச் சொல்லுங்க, குதிகால் ரெண்டும் தரைல ஒட்டி இருக்கா, பின்னால சாயாம இருக்கானா? அப்புறம் காலை நீட்டி உக்கார வச்சு பாதத்த முழங்காலப் பாத்து மடக்கி வெளிப்பக்கமா திருப்பச் சொல்லுங்க. இது சுளுவா வந்துட்டுன்னா பாதி வேலை முடிஞ்சுது, ஏன்னா இந்த ஸ்ட்ரோக்ல தள்ளுறது பெரும்பாலும் கால்தான், பாதத்தோட உள்பக்கமும் கணுக்காலும் தண்ணியப் புடிச்சு பின்னால தள்ளணும். பாதம் திரும்பலன்னா எவ்வளவு மூச்சு இருந்தும் பயல் நின்ன இடத்துலயே நுரை கிளப்பிக்கிட்டு கிடப்பான்.

அடுத்தது ஆத்துப் பழக்கம். ஆத்துல தலைய தூக்கிக்கிட்டு ஒருக்களிச்சு நீந்தி நீந்தி ஒரு கால் மேல ஒரு கால் கீழன்னு கத்திரிக்கோல் மாதிரி உதை வந்துரும், அதத்தான் சிசர் கிக்குங்காவ, போட்டில அது வந்தா நேரா டிக்யூ, போட்டிலேருந்து தூக்கிருவாவ. ரெண்டு காலும் ஒரே நேரத்துல, ஒரே மாதிரி, பாதம் வெளிய திரும்பி உதைக்கணும். இத மாத்த கொஞ்ச நாள் கைய மறந்துருங்க. மல்லாக்க படுத்து முழங்கால் தண்ணிக்கு மேல வராம உதைக்கிறது, கிக் போர்டு புடிச்சு உதைக்கிறது, அப்புறம் ரெண்டு உதைக்கு ஒரு கைன்னு நீந்துறது, இது மூணுதான். போரடிக்குன்னு பயல் மூஞ்சியத் தூக்குவான், தூக்கட்டும்.

கை சின்னதா போதும். நெஞ்சுக்கு முன்னால விரிச்சு, உள்ள வாரி, சட்டுனு முன்னால நீட்டிரணும், கை இடுப்பத் தாண்டி பின்னால போனா ரூல் தப்பு, ஸ்டார்ட்டுக்கும் டர்னுக்கும் (சுவத்த தொட்டு திரும்புறது) அப்புறம் வர்ற மொத இழுப்புக்கு மட்டும் தொடை வரைக்கும் போலாம். கை, மூச்சு, உதை, நீட்டி வழுக்குறது, வரிசை இதுதான். அந்த வழுக்குறதத்தான் கிளைடுன்னு சொல்லுதாவ, அவசரக்கார பயலுவ அத முழுங்கிருவானுவ. ஒரு லேப்புக்கு (குளத்தோட ஒரு நீளத்துக்கு) எத்தனை கை போடுதான்னு எண்ணுங்க, டைம் கூடாம கை எண்ணிக்கை குறைஞ்சா சரியாத்தான் போகுதுன்னு அர்த்தம்.

புல்அவுட்ட தனியா சொல்லணும். குதிச்சதும், சுவத்த தள்ளுனதும், தண்ணிக்கு அடில ஒரு பெரிய இழுப்பு, ரெண்டு காலையும் சேத்து மீன் வாலு மாதிரி அடிக்கிற ஒரே ஒரு டால்ஃபின் கிக், ஒரு பிரெஸ்ட் கிக், அதோட மேல வரணும், இதத்தான் புல்அவுட்டுங்காவ. இந்த ஒரு டால்ஃபின் கிக்குக்கே ஒரு கதை இருக்கு, 2004 ஏதென்ஸ் ஒலிம்பிக்ல ஜப்பான்காரர் கொசுகே கிடாஜிமா 100 மீட்டர்ல தங்கம் வாங்குனப்ப, அப்ப ரூல்படி தப்பா இருந்த இத அவர் அடிச்சாருன்னு அமெரிக்கா பக்கம் பெரிய சத்தம் போட்டாவ, மறு வருசம் 2005ல ரூலையே மாத்தி ஒண்ணு அடிச்சுக்கோன்னு விட்டுட்டாவ. அதுக்கும் முன்னால 1956 மெல்போர்ன்ல மசாரு ஃபுருகாவா முக்கால்வாசி தூரம் உள்நீச்சல்லயே போய் 200 மீட்டர் தங்கத்த அடிச்சாரு, உடனே அதுக்கும் தடை. நம்ம பயலுவளுக்கு உள்நீச்சல் தம் நல்லாவே உண்டு, அத புல்அவுட்ல செலவழிக்கச் சொல்லிக் குடுங்க, எத்தனை பேரு மூச்சு முட்டுதுன்னு பாதிலயே மேல வந்து ரேஸ விடுதான் தெரியுமா.

டர்ன்லயும் கடைசிலயும் ரெண்டு கையும் ஒண்ணா சுவத்துல படணும். ஜெயிக்கிற அவசரத்துல ஒத்தக் கைய நீட்டிருவானுவ, அவ்வளவுதான், மெடல் பக்கத்து லேனுக்கு. ப்ராக்டீஸ்ல எப்பவுமே ரெண்டு கையாலதான் தொடணும், விளையாட்டுக்குக் கூட மாத்த விடாதீங்க.

முழங்கால் விசயத்துல அசால்ட்டா இருக்கக் கூடாது. இந்த உதைல முழங்கால் உள்பக்க ஜவ்வுலதான் பாரம் அதிகமா விழும், முழங்கால ரொம்ப அகட்டி உதைச்சா சீக்கிரம் போயிரும். வார்ம் அப் பண்ணி உடம்ப சூடு ஏத்தாம உதைக்க விடாதீங்க, உள்பக்கம் வலிக்குன்னு சொன்னா அன்னைக்கு கிக் செட் (உதை பயிற்சி) கிடையாது, வெறும் கை நீச்சல்தான், வலி தொடர்ந்தா டாக்டர். எண்ணெய் போட்டு நீவி விட்டுட்டு மறுநாள் திரும்ப இறக்குறது வேண்டாம்.

எங்க பழகுறது? பாளையங்கோட்டைல எஸ்டிஏடி (தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையம்) நீச்சல் குளம் இருக்கு, கோச்சப் பாத்து சேத்து விடுங்க. ஆத்துல டைமிங்கும் பாக்க முடியாது டர்னும் பழக முடியாது, போதாததுக்கு மணல் அள்ளுன பள்ளம் எங்க கிடக்குன்னே தெரியாது, பாபநாசம் அணைல தண்ணி தொறந்து விட்டா இழுப்பும் மாறிரும். ஆத்த குளிக்க வச்சுக்கோங்க. சின்ன வயசுல பிரெஸ்ட் ஸ்ட்ரோக் மட்டும்னு கட்டி வைக்காம நாலு ஸ்ட்ரோக்கும் நீந்த விடுங்க, ஒரே ஆளு நாலு ஸ்ட்ரோக்கும் நீந்துற 200 மீட்டர் மெட்லிக்கு உதவும், பதிமூணு பதினாலு வயசுக்கு மேல இதுதான்னு முடிவு பண்ணாப் போதும். உடம்பு வளர்ற நேரத்துல டைமிங் மாசக்கணக்குல அசையாம நிக்கும், அப்பதான் நெறைய பேரு விட்டுட்டு போறாவ.

ஸ்டேட் மீட்டு சென்னை வேளச்சேரி குளத்துலன்னா ராத்திரி ரயில்ல போய் எறங்கி அப்படியே தண்ணில குதிக்க வைக்காதீங்க, ஒரு நாள் முன்னாலயே போய் அந்த 50 மீட்டர் குளத்துல நீந்திப் பாக்கணும், 25 மீட்டர் குளத்துல பழகுனவனுக்கு பாதி வழில சுவரு இல்லாதது திகைப்பா இருக்கும்.

வருமானம்? நீச்சல்ல கிரிக்கெட் மாதிரி காசு கிடையாது. 2014 ஏசியன் கேம்ஸ்ல 50 மீட்டர் பிரெஸ்ட் ஸ்ட்ரோக்ல வெண்கலம் வாங்குன சந்தீப் சேஜ்வால் பேர உங்க தெருவுல எத்தனை பேருக்கு தெரியும்? ஆனா காலேஜ் சீட்டு, ரயில்வே, போலீஸ், அரசு வேலைன்னு ஸ்போர்ட்ஸ் கோட்டா இருக்கு, அதுக்கு மாவட்ட சர்டிபிகேட் பத்தாது, நேஷனல் வரைக்கும் போனாத்தான் எடை. சர்டிபிகேட் எல்லாத்தையும் ஒரே ஃபைல்ல வைங்க, பேரும் பொறந்த தேதியும் ஆதார்ல இருக்கிற மாதிரியே இருக்கான்னு வாங்குன அன்னைக்கே பாத்துருங்க, இனிஷியல் மாறிட்டுன்னா அப்புறம் அலைய விட்டுருவாவ.