வீட்டு விலங்குகள் சிலந்தியை வேட்டையாடும்போது கவனிக்க வேண்டியவை

சுவரோரமாக ஒரு சிலந்தி ஓடுகிறது. உறங்குவதுபோல் கிடந்த பூனை காதை நிமிர்த்தி, உடலைத் தரையோடு தாழ்த்தி, ஒரே பாய்ச்சலில் அதன்மேல் முன்னங்காலை வைத்துவிடுகிறது. மறுநொடியில் சிலந்தி வாய்க்குள் போய்விட்டது. பூனை வளர்ப்பவர்களுக்கு இது பழகிய காட்சி. தின்ற சிலந்தி பூனைக்குத் தீங்கு செய்யுமா என்ற கவலையும், இந்த வேட்டையைக் கொண்டே வீட்டுச் சிலந்திகளை ஒழித்துவிடலாமா என்ற ஆசையும் அப்போது ஒன்றாகவே எழுகின்றன. பெரும்பாலான சிலந்திகள் தீங்கு செய்வதில்லை. ஆனால் தீங்கு செய்யும் சில சிலந்திகள் உயிருக்கே ஆபத்தானவை. ஒழிக்கும் ஆசையோ ஓரளவுக்குத்தான் நிறைவேறும்.

சிலந்திகளில் 50,000க்கும் மேற்பட்ட இனங்கள் இதுவரை அறிவியல் முறைப்படி பெயரிடப்பட்டுள்ளன. அவற்றுள் மிகச் சிலவற்றைத் தவிர மற்ற அனைத்துக்கும் நஞ்சு உண்டு என்றாலும், அது பூச்சிகளைச் செயலிழக்கச் செய்வதற்கானது. கடித்து உடலுக்குள் செலுத்தினால்தான் அது வேலை செய்யும். அந்த நஞ்சில் பெரும்பகுதி புரதங்களும் புரதத்தைப் போன்ற சிறு மூலக்கூறுகளும் ஆதலால், விழுங்கப்பட்ட சிலந்தியோடு அதுவும் வயிற்றில் செரித்துவிடுகிறது. எனவே ஆபத்து விழுங்கிய பின் வருவதன்று. விழுங்குவதற்கு முந்தைய சில நொடிகளில், உதட்டிலோ நாக்கிலோ மூக்கிலோ பாதத்திலோ கடிபடும்போது வருவது. வீட்டுச் சிலந்திகள் பலவற்றின் நச்சுப்பற்கள் தோலைத் துளைக்கும் வலிமையற்றவை என்பது நமக்குச் சாதகமான செய்தி.

முதலில் செய்ய வேண்டியது, நீங்கள் வாழும் பகுதியில் கொடிய சிலந்தி இனங்கள் ஏதேனும் உண்டா என்று அறிந்துகொள்வது. வளர்ப்பு விலங்குகளைப் பொறுத்தவரை முதலில் அஞ்ச வேண்டியது பிளாக் விடோ எனப்படும் கருப்பு விதவைச் சிலந்தியையும் ஆஸ்திரேலியாவின் ரெட்பேக் உள்ளிட்ட அதன் உறவினங்களையும்தான். வட அமெரிக்க இனங்களில் பெண் சிலந்தி பளபளக்கும் கருப்பு நிறத்தில், வயிற்றின் அடிப்பக்கத்தில் மணற்கடிகார வடிவச் சிவப்புக் குறியோடு இருக்கும். அதன் நஞ்சு நரம்புமுனைகளைத் தாக்கித் தசைகளைக் கடுமையாக இறுகச் செய்கிறது. நாயைவிடப் பூனையின் உடல் இந்த நஞ்சை மிகக் குறைவாகவே தாங்கும். அடுத்தது பிரவுன் ரெக்லூஸ் என்னும் பழுப்புச் சிலந்தி. பெரும்பாலான சிலந்திகளுக்கு எட்டுக் கண்கள் இருக்க, இதற்கு ஆறு கண்களே உண்டு. முதுகின் முன்பகுதியில் வயலின் போன்ற கருங்குறி இருக்கும். இது கடித்த இடத்தில் சில நாட்களில் திசு அழுகி ஆறாத புண் உண்டாகலாம். டரான்டுலா என்பது மயிரடர்ந்த பெரிய சிலந்தி. அமெரிக்கக் கண்டங்களைச் சேர்ந்த டரான்டுலா வகைகள் பல, தம் வயிற்றின் மேலுள்ள முள்மயிர்களைக் காலால் உதைத்துப் பறக்கவிடும். அவை மோப்பம் பிடிக்க வந்த நாயின் மூக்கையும் கண்ணையும் புண்ணாக்கிவிடும்.

மனிதனுக்கு எது கொடியதோ அதுவே விலங்குக்கும் கொடியது என்று எண்ணிவிடக் கூடாது. சிட்னி ஃபன்னல்வெப் சிலந்தியின் கடி மனிதனைக் கொல்லக்கூடியது. நாயும் பூனையும் அந்த நஞ்சைப் பெருமளவு தாங்கிக்கொள்கின்றன. அதே ஆஸ்திரேலியாவில் வாழும் டரான்டுலா வகைகளோ மனிதனுக்குப் பெரிய தீங்கு செய்வதில்லை, ஆனால் அவை கடித்து நாய்கள் இறந்திருக்கின்றன. ஆகவே உங்கள் பகுதிச் சிலந்திகளைப் பற்றி விசாரிக்கும்போது, விலங்குகளுக்கு அவை என்ன செய்யும் என்பதைக் கால்நடை மருத்துவரிடமே கேளுங்கள்.

கொடிய இனங்கள் உள்ள பகுதியாயின், விலங்கு புழங்கும் உயரத்தில் அவற்றுக்குப் புகலிடம் இல்லாமல் செய்ய வேண்டும். விறகுக் குவியல், நெடுநாள் திறக்காத அட்டைப்பெட்டிகள், வண்டி நிறுத்துமிடத்தின் மூலைகள், பயன்படுத்தாத காலணிகள் ஆகியவைதாம் இவை விரும்பித் தங்கும் இடங்கள். இரவில் டார்ச் விளக்கோடு பார்த்தால், பகலில் கண்ணில் படாதவை வலையில் அமர்ந்திருப்பது தெரியும். வலையையும் முட்டைப்பைகளையும் வாக்குவம் கிளீனரால் உறிஞ்சி எடுத்து, தூசிப்பையை உடனே கட்டி வெளியே போட்டுவிடுங்கள். ஒரு முட்டைப்பையிலிருந்து நூற்றுக்கணக்கான குஞ்சுகள் வெளிவரக்கூடும்.

தீங்கற்ற சிலந்திகள் மட்டுமே உள்ள வீட்டில் பூனையின் வேட்டையைத் தடுக்க வேண்டியதில்லை என்பது என் கருத்து. வீட்டுக்குள்ளேயே வாழும் பூனைக்கு இது நல்ல உடற்பயிற்சி; மனத்துக்கும் வேலை. பூனையின் கண் அசைவைக் காண்பதில் கூர்மையானது, ஆனால் முகத்துக்கு மிக அருகில் உள்ளதை அதனால் தெளிவாகப் பார்க்க முடியாது. அதனால்தான் காலடியில் அசையாமல் கிடக்கும் சிலந்தியைத் தவறவிட்டு, மீசையை முன்னே நீட்டித் துழாவுகிறது. முகம் சிலந்திக்கு மிக நெருக்கமாகச் செல்லும் அந்தத் தருணத்தில்தான் கடிபடும் வாய்ப்பு அதிகம். இனம் தெரியாத சிலந்தியைப் பூனை துரத்தக் கண்டால், கையை இடையில் நுழைக்காமல், குச்சியில் கட்டிய இறகைச் சற்றுத் தொலைவில் ஆட்டி அதன் கவனத்தைத் திருப்புங்கள். பிறகு ஒரு கண்ணாடிக் குவளையைச் சிலந்தியின்மேல் கவிழ்த்து, அடியில் கெட்டி அட்டையைச் செருகி வெளியே கொண்டுபோய் விடலாம். வாய்க்குள் போய்விட்ட சிலந்தியைப் பிடுங்க முயன்றால் பூனையும் கடிக்கும், சிலந்தியும் கடிக்கும்.

நாய் சிலந்தியைக் கண்ணால் தேடுவதைவிட மூக்கால் தேடுவதே அதிகம். பொந்துக்குள் மூக்கை நுழைத்து முகர்வது அதன் இயல்பு. அதற்கு ‘விடு’ என்ற ஒரு சொல்லைப் பழக்கிவிட்டால் பாதிக் கவலை தீரும். தின்பண்டத்தை மூடிய கைக்குள் வைத்து நாயின் முன் நீட்டுங்கள். அது நக்கும், பிறாண்டும். பொறுத்திருந்து, அது முகத்தை விலக்கிய அதே கணத்தில் ‘விடு’ என்று சொல்லி, மற்றொரு கையிலிருந்து வேறொரு தின்பண்டத்தைக் கொடுங்கள். கையிலிருந்ததை ஒருபோதும் கொடுக்கக் கூடாது. நாள்தோறும் சில நிமிடங்களாக இதைத் தொடர்ந்து, பின்னர் தின்பண்டத்தைத் தரையில் வைத்தும், கடைசியில் நடைபயிற்சியின்போதும் பழக்கினால், சொல்லைக் கேட்டதும் நாய் விலகிக்கொள்ளும்.

சிலந்தியைப் பிடித்த விலங்கைச் சில மணி நேரமாவது கண்காணிப்பது நல்லது. சிறிது எச்சில் வடிவதும் ஒருமுறை வாந்தி எடுப்பதும் பெரும்பாலும் தாமாகவே அடங்கிவிடும். ஆனால் முகமோ தொண்டையோ வீங்குவது, மூச்சு வாங்குவது, தசை நடுங்குவது அல்லது விறைப்பது, வலியால் ஓயாமல் கத்துவது, பின்னங்கால்கள் துவளுவது ஆகியவற்றில் ஒன்று தோன்றினாலும் காத்திருக்காமல் கால்நடை மருத்துவரிடம் கொண்டுசெல்ல வேண்டும். சிலந்தி கிடைத்தால் மூடியுள்ள புட்டியில் எடுத்துச்செல்லுங்கள், அல்லது படம் பிடித்துக்கொள்ளுங்கள். சிலவகை நஞ்சுகளுக்கு முறிமருந்து உண்டு, இனம் தெரிந்தால் மருத்துவரின் முடிவு எளிதாகும். கடிவாயைக் கீறுவது, இறுகக் கட்டுவது, வாந்தி எடுக்கவைப்பது எதுவும் வேண்டாம். மனிதர்களுக்கான வலிமாத்திரையைக் கொடுக்கவே கூடாது. பாராசிட்டமால் ஒரு மாத்திரைகூடப் பூனையைக் கொல்லப் போதுமானது.

நான் எல்லாவற்றையும்விட வலியுறுத்திச் சொல்ல விரும்புவது பூச்சிக்கொல்லியைப் பற்றி. பூனை சிலந்தியைத் தின்றுவிடுமோ என்று அஞ்சி அறை முழுவதும் மருந்தடிப்பவர்கள், சிறிய ஆபத்தை விலக்கிப் பெரிய ஆபத்தை வீட்டுக்குள் கொண்டுவருகிறார்கள். வீட்டுப் பூச்சிமருந்துகளில் பரவலாகச் சேர்க்கப்படும் பெர்மெத்ரின் என்னும் வேதிப்பொருளைச் சிதைத்து வெளியேற்றும் திறன் பூனையின் கல்லீரலுக்கு மிகக் குறைவு. அது நடுக்கத்தையும் வலிப்பையும் உண்டாக்கி உயிரைப் போக்கலாம். மருந்துபட்டுத் தள்ளாடும் சிலந்திதான் விலங்கின் பிடிக்கு எளிதில் சிக்கும் என்பதையும் மறந்துவிடக் கூடாது. தரையில் வைக்கும் பசைப்பொறிகளும் வேண்டாம். அவற்றில் பாதமும் மீசையும் ஒட்டிக்கொள்ளும்.

சிலந்தி தின்பதற்கென்றே ஒரு பல்லியை வாங்கி வளர்க்கலாமா என்று கேட்பவர்கள் உண்டு. லெப்பர்ட் கெக்கோ, பியர்டெட் டிராகன் போன்றவை சிலந்தியைத் தின்னும் என்பது உண்மை. ஆயினும் அவை கண்ணாடிக் கூண்டுக்குள் வெப்பமூட்டி வளர்க்கப்பட வேண்டியவை. அறைக்குள் திறந்துவிட்டால் குளிர்ந்து, செரிமானம் கெட்டு, மூலையில் ஒடுங்கிவிடும். நல்ல பராமரிப்பில் லெப்பர்ட் கெக்கோ 15 முதல் 20 ஆண்டுகள் வரை வாழும். ஒரு பருவத்துச் சிலந்தித் தொல்லைக்காக எடுக்க வேண்டிய முடிவு இதுவன்று. ஏற்கெனவே வளர்ப்பவர்கள், வெளியே பிடித்த சிலந்தியில் மருந்தும் ஒட்டுண்ணியும் இருக்கலாம் என்பதால் அதைக் கொடுக்காமல், உணவுக்கென வளர்க்கப்பட்ட சிள்வண்டுகளையே கால்சியம் தூவிக் கொடுப்பது பாதுகாப்பானது. இரை, பல்லியின் இரு கண்களுக்கும் இடைப்பட்ட தூரத்தைவிடப் பெரிதாக இருக்கக் கூடாது. பல்லியைத் தொட்ட பின் சோப்புப் போட்டுக் கை கழுவுங்கள். அவற்றின் உடலில் சால்மொனெல்லா கிருமிகள் இருக்கலாம்.

கோழிகள் முற்றத்தைக் கிளறிச் சிலந்திகளைப் பொறுக்கித் தின்னும். முள்ளெலியும் தேரையும் தின்னும். முள்ளெலியை வளர்ப்பதைச் சட்டம் தடைசெய்யும் பகுதிகள் உண்டு என்பதால் முதலில் அதைத் தெரிந்துகொள்ள வேண்டும். நாயுள்ள வீட்டுக்குத் தேரை ஏற்றதல்ல; அதன் தோல் சுரக்கும் நஞ்சு, வாயில் கவ்விய நாயைக் கொல்லக்கூடும். அதுபோலவே, வெப்பமான இடங்களில் சுவரில் தானாகக் குடியேறும் வீட்டுப்பல்லி சிலந்தியை நன்றாகவே பிடிக்கும் என்றாலும், அந்தப் பல்லியைப் பூனை தின்றால் கல்லீரலின் பித்தக்குழாய்களைத் தாக்கும் தட்டைப்புழு தொற்றலாம். பல்லி வேட்டையாடும் பூனைக்கு உடல் மெலிவோ கண்வெள்ளையில் மஞ்சள் நிறமோ தென்பட்டால், அதை மருத்துவரிடம் சொல்லத் தவறாதீர்கள்.

எந்த விலங்கும் தன் கைக்கு எட்டிய சிலந்தியை மட்டுமே குறைக்கும். கூரை மூலையில் வலை பின்னியிருப்பது அதற்கு எட்டாது. சிலந்தி வருவது பூச்சிகளைத் தேடி என்பதால், இரவில் வாசல் விளக்கை அணைப்பதும், சன்னலுக்கு வலைக்கம்பி அடிப்பதும், கதவின் அடி இடைவெளியை அடைப்பதும், வாரம் ஒருமுறை ஒட்டடை அடிப்பதும் பூனையைவிடக் கூடுதலாகப் பயன் தரும். ஒட்டடை அடிக்கும்போது, மூலையில் தலைகீழாகத் தொங்கி, தொட்டால் வலையோடு கிடுகிடுவென்று நடுங்கும் நெடுங்கால் சிலந்தியைக் கண்டால் நான் விட்டுவிடுவேன். அது பூச்சிகளோடு, தன்னைவிடப் பெரிய சிலந்திகளையும் பிடித்துத் தின்கிறது. பூனைக்கு எட்டாத உயரத்தில் அந்த வேட்டையை அதுவே பார்த்துக்கொள்ளும்.