பூனைக்கு வலி மருந்தும் தெள்ளுப்பூச்சி மருந்தும் சேர்த்துக் கொடுக்கும் முன்

போன மாங்காய் சீசனில் எங்கள் பூனை சுந்தரி மாடியிலிருந்து தவறி விழுந்து பின்னங்காலை நொண்ட ஆரம்பித்தாள். ஏற்கெனவே கழுத்தெல்லாம் தெள்ளுப்பூச்சி, சொறிந்து சொறிந்து முடி கொட்டிக் கிடந்தது. வலிக்கு ஒன்று, பூச்சிக்கு ஒன்று, இரண்டையும் ஒன்றாகக் கொடுக்கலாமா என்று கிருஷ்ணகிரியில் தெரிந்தவர்களிடமெல்லாம் கேட்டேன், ஆளுக்கொன்று சொன்னார்கள். அப்போது கற்றுக்கொண்டதைப் புதிதாகப் பூனை வளர்ப்பவர்களுக்காகப் படிப்படியாக எழுதுகிறேன்.

படி 1: வீட்டு மாத்திரை டப்பாவைத் தொடாதீர்கள்

பாராசிட்டமாலைப் பக்குவப்படுத்தி வெளியேற்றும் திறன் பூனையின் கல்லீரலுக்கு மிகக் குறைவு. 500 மில்லிகிராம் மாத்திரை ஒன்றே ஒரு பூனையின் உயிரைப் பறிக்கப் போதும். குழந்தைகளுக்குக் கொடுக்கும் காய்ச்சல் சிரப்பிலும் இருப்பது பெரும்பாலும் அதே பாராசிட்டமால்தான், அரை மூடிகூட ஊற்றாதீர்கள். நாம் சாப்பிடும் வலி மாத்திரைகளான ஐபுப்ரோஃபென், டைக்ளோஃபெனாக் இரண்டும் வேண்டாம்.

படி 2: நாய் மருந்தைப் பிரித்து ஊற்றாதீர்கள்

தெள்ளுப்பூச்சிக்குத் தோலில் விடும் நாய்க்கான சொட்டு மருந்துகள் சிலவற்றில் பெர்மெத்ரின் என்ற பூச்சிக்கொல்லி இருக்கும். அது பூனைக்கு விஷம், நடுக்கமும் வலிப்பும் வரும். நாய் உண்ணிக்குத் தண்ணீரில் கலந்து குளிப்பாட்டும் அமிட்ராஸும் பூனைக்கு ஆகாது. வீட்டில் நாயும் இருந்தால், நாய்க்குப் போட்ட மருந்து காயும்வரை பூனையை அதனோடு உரசிப் படுக்க விடாதீர்கள். பூனைக்கென்றே ஃபிப்ரோனில், செலாமெக்டின் சொட்டு மருந்துகள் இருக்கின்றன.

படி 3: எடை போடுங்கள்

கண்ணால் பார்த்து "மூணு கிலோ இருக்கும்" என்று சொல்வது போதாது. நான் மாங்காய் கிரேட்டில் துணி விரித்து, முதலில் வெறும் கிரேட்டை எலக்ட்ரானிக் தராசில் வைத்துக் குறித்துக்கொண்டு, அப்புறம் சுந்தரியை உட்கார வைத்து மேலே வலை மூடி எடை பார்த்தேன்: 2 கிலோ 700 கிராம். வலிக்கு மருத்துவர் எழுதும் மெலாக்சிகாம் சிரப்பில் பூனைக்கானது மில்லிக்கு 0.5 மில்லிகிராம், நாய்க்கானது 1.5 மில்லிகிராம். பாட்டில் மாறினால் சிரிஞ்சில் அதே கோடு வரை இழுத்தாலும் மூன்று மடங்கு உள்ளே போய்விடும்.

படி 4: போன இரண்டு மாதத்தில் என்னென்ன கொடுத்தீர்கள் என்று எழுதுங்கள்

எனக்கு இதுதான் எல்லாவற்றையும்விட முக்கியம். மெலாக்சிகாமோடு பூனைக்கான சொட்டு மருந்தைச் சேர்ப்பதில், ஆரோக்கியமான பூனைக்குப் பொதுவாகச் சிக்கல் இல்லை. சிக்கல் நாம் மறந்துபோகிற மூன்றாவது மருந்தில் இருக்கிறது. தெள்ளு கடித்து அரிப்பு வந்தால் பல சமயம் ஸ்டீராய்டு ஊசி போடுவார்கள், நாமும் "அரிப்பு ஊசி" என்று மட்டும் ஞாபகம் வைத்திருப்போம். அந்த ஊசிகளில் சிலவற்றின் வேலை வாரக்கணக்கில் உடம்பில் நிற்கும். அதன் மேல் மெலாக்சிகாம் விழுந்தால் இரைப்பையும் குடலும் புண்ணாகி ரத்தம் கசியலாம். சுந்தரிக்கு மூன்று வாரம் முன்னால் அப்படி ஒரு ஊசி போட்டிருந்ததை நான் சொல்லவே இல்லை, கூட வந்த என் மகள்தான் சொன்னாள். மருத்துவர் எழுதிக்கொண்டிருந்த மெலாக்சிகாமை அடித்துவிட்டு, வேறு வகை வலி மருந்தான கபாபென்டின் எழுதினார். சிறுநீரகக் கோளாறு, வலிப்பு முன்பு வந்திருந்தால் அதையும் எழுதுங்கள்.

படி 5: ஒரே நாளில் இரண்டையும் தொடங்காதீர்கள்

மருத்துவர் இரண்டுக்கும் சரி சொன்ன பிறகும், அவரிடம் கேட்டுவிட்டு இரண்டு மூன்று நாள் இடைவெளி விடுங்கள். வாந்தி வந்தால் எதனால் என்று தெரிய வேண்டுமல்லவா. மெலாக்சிகாமைச் சாப்பாட்டோடு கொடுங்கள், சாப்பிடாமல் தண்ணீரும் குடிக்காமல் கிடக்கும் பூனைக்கு அன்று கொடுக்காமல் மருத்துவரைக் கூப்பிடுங்கள். வெயில் காலத்தில் நீர் வற்றிய உடம்பில் அது சிறுநீரகத்தைத்தான் முதலில் அடிக்கும். சொட்டு மருந்தை நாக்கு எட்டாத பிடரியில், முடியை விலக்கித் தோலின் மேல் விடுங்கள். நக்கிவிட்டால் கசப்பில் வாயில் நுரை தள்ளும், பெரும்பாலும் கொஞ்ச நேரத்தில் அடங்கிவிடும்.

படி 6: கவனியுங்கள்

தார் போலக் கறுத்த மலம், தொடர் வாந்தி, சாப்பாட்டை வெறுப்பது: இதில் எது வந்தாலும் வலி மருந்தை நிறுத்திவிட்டு மருத்துவரிடம் பேசுங்கள். ஈறு பழுப்பாகவோ நீலமாகவோ மாறினால், முகமோ பாதமோ வீங்கினால், உடம்பு வெட்டி வெட்டி இழுத்தால் உடனே கிளம்புங்கள். நாய் மருந்து தோலில் பட்டிருந்து பூனை நிதானமாக இருந்தால், வெதுவெதுப்பான நீரிலும் பாத்திரம் கழுவும் சோப்பிலும் கழுவித் துடைத்துவிட்டுக் கிளம்பலாம். வலிப்பில் இருக்கும்போது வாயில் எதையும் ஊற்றாதீர்கள். பாராசிட்டமாலுக்கு அசிடைல்சிஸ்டீன் என்ற முறிமருந்து உண்டு, நேரம் போகப் போக அதன் பலன் குறையும். ஊத்தங்கரை, பென்னாகரம் பக்கம் இருப்பவர்கள் புறப்படும் முன்பே போன் செய்து, பூனை என்று சொல்லி, அந்த மருந்து கையிருப்பில் இருக்கிறதா என்று கேட்டுக்கொள்ளுங்கள். மருந்து அட்டையையும் டியூபையும் எடுத்துப் போங்கள், எது, எவ்வளவு, எத்தனை மணிக்கு உள்ளே போனது என்றுதான் அங்கே முதலில் கேட்பார்கள்.