கிரேக்கம் தெரியாமலேயே ஒரு நற்செய்திச் சுவடிக்குள் வழி கண்டுபிடிக்கலாம்

இடைக்காலக் கிரேக்க நற்செய்திச் சுவடி ஒன்றின் படத்தை முதன்முதலாகத் திறப்பவர்கள் முதல் வரியிலிருந்து படிக்கப் பார்ப்பார்கள். நானும் அப்படித்தான் உட்கார்ந்தேன். ஒரு மாலை முழுக்கப் போராடியும் ஒன்றரை வரியைத் தாண்டவில்லை. வரியை அப்புறம் பார்க்கலாம். முதலில் ஓரத்தைப் பாருங்கள். எந்த நற்செய்தி, எந்தக் கதை என்பதை ஓரமே சொல்லிவிடும்.

படி 1: சரியான சுவடியை எடுங்கள்

ஜெர்மனியில் மியூன்ஸ்டர் நகரில் இருக்கும் புதிய ஏற்பாட்டு ஆய்வு நிறுவனம் எல்லாக் கிரேக்கப் பிரதிகளுக்கும் கிரெகரி-ஆலண்ட் எண் கொடுத்துப் பட்டியல் வைத்திருக்கிறது. பூஜ்யத்தில் தொடங்கும் எண் என்றால் பழைய பெரிய எழுத்துச் சுவடி. வெறும் எண் என்றால் 9ஆம் நூற்றாண்டிலிருந்து பரவிய, ஒன்றோடொன்று கோத்து எழுதும் சிற்றெழுத்துச் சுவடி. நமக்கு வேண்டியது இரண்டாவது வகை, அதிலும் நான்கு நற்செய்திகளும் வரிசையாக இருப்பது. திருவழிபாட்டு வாசக நூலை எடுத்துவிடாதீர்கள். அதில் பகுதிகள் திருநாள் வரிசையில் கலைந்து கிடக்கும்.

பக்கத்துக்கு அல்ல, ஏட்டுக்குத்தான் எண். ஒரே எண்ணுக்கு முன்பக்கம், பின்பக்கம் இரண்டும் உண்டு. ஓலைச்சுவடி பார்த்தவர்களுக்கு இது புதிதல்ல.

படி 2: எழுத்தே எண்

நம்மிடம் க, உ, ங என்று எழுத்தே எண்ணாக இருப்பது போல, அவர்களுக்கு ஆல்ஃபா 1, பீட்டா 2, காமா 3. அயோட்டா 10, காப்பா 20, மியூ 40, ரோ 100. வழக்கொழிந்த மூன்று எழுத்துகளும் எண்ணாக மட்டும் பிழைத்திருக்கின்றன: 6க்கு ஸ்டிக்மா, 90க்கு கோப்பா, 900க்கு சாம்பி. அடுத்தடுத்து எழுதிக் கூட்டிக்கொள்ள வேண்டியதுதான். ரோ, மியூ, ஸீட்டா என்றால் 100 + 40 + 7, அதாவது 147.

அச்சு எழுத்தை நம்பிப் போனால் ஏமாறுவீர்கள். கையெழுத்தில் பீட்டா ஆங்கில யு போல இருக்கும், ஈட்டா ஆங்கில எச் போல இருக்கும். காப்பாவையும் பீட்டாவையும் குழப்பிக்கொள்ளாதவர் யாரும் இல்லை. 24 எழுத்தையும் மனப்பாடம் செய்ய வேண்டாம், எண்ணில் அடிக்கடி வரும் பத்துப் பன்னிரண்டு பழகினால் போதும்.

படி 3: ஓரத்து எண்ணைப் பிடியுங்கள்

இந்த வேலையின் ருசியே இங்கேதான். செசரியா நகரின் ஆயர் யூசேபியஸ் 4ஆம் நூற்றாண்டில் ஓர் ஏற்பாடு செய்தார். நற்செய்திகளைச் சின்னச் சின்னப் பிரிவுகளாக்கி எண் போட்டார்: மத்தேயுவில் 355, லூக்காவில் 342, யோவானில் 232. மாற்கில் 233, ஆனால் அதன் முடிவுப் பகுதியால் சில சுவடிகளில் கூடுதலாக வரும். ஒவ்வொரு பிரிவு எண்ணுக்கும் கீழே இன்னோர் எண், வழக்கமாகச் சிவப்பு மையில். அது 1 முதல் 10 வரைதான். பத்துப் பட்டியல்களில் எதைப் பார்க்க வேண்டும் என்று அது சொல்கிறது. 1 என்றால் நான்கு பேரும் சொன்ன செய்தி, 10 என்றால் அந்த நற்செய்தியாளர் மட்டும் சொன்னது. பட்டியல்கள் சுவடியின் தொடக்கத்தில், பெரும்பாலும் தூணும் வளைவும் வரைந்த பக்கங்களில் இருக்கும். சில சுவடிகளில் சிவப்பு எண்ணையோ பட்டியலையோ எழுதாமலே விட்டிருப்பார்கள். அப்படியானால் வேறு சுவடிக்கு மாறுங்கள்.

செய்து பார்ப்போம். மத்தேயுவில் ஓரத்தில் ரோ-மியூ-ஸீட்டா, கீழே சிவப்பில் ஆல்ஃபா. அதாவது 147, முதல் பட்டியல். முன்னால் புரட்டி முதல் பட்டியலில் 147ஐத் தேடுங்கள். அதே வரிசையில் மாற்கு 64, லூக்கா 93, யோவான் 49 என்று இருக்கும். ஐந்து அப்பம், இரண்டு மீன் கதைதான், நால்வரும் சொல்கிறார்கள். இனி லூக்காவின் ஏடுகளுக்குப் போய் ஓரத்தில் கோப்பா-காமாவைத் தேடினால் அதே கதை அங்கே கிடைக்கும். ஒரு சொல் படிக்கவில்லை, இரண்டு நற்செய்திகளை ஒப்பிட்டுவிட்டீர்கள். ஆயிரத்து எழுநூறு ஆண்டுக்கு முந்தைய ஹைப்பர்லிங்க்!

விடை சரிபார்க்க வேண்டுமா? நெஸ்லே-ஆலண்ட் என்ற கிரேக்கப் புதிய ஏற்பாட்டு அச்சுப் பதிப்பின் உள் ஓரத்தில் இதே எண்கள் உண்டு.

மேல் ஓரத்தில் வேறொரு எண்ணும் தலைப்பும் தெரிந்தால் அது அத்தியாயத் தலைப்பு. மத்தேயுவில் இவை 68. இன்றைய அதிகாரங்களோடு பொருந்தாது. முதல் தலைப்பே ஞானிகளைப் பற்றியது, நம் கணக்கில் 2ஆம் அதிகாரம்.

படி 4: கோடு போட்ட பெயர்கள்

வரிக்குள் மேலே கோடு இழுத்த இரண்டு மூன்று எழுத்துகள் தென்படும். புனிதப் பெயர்களின் சுருக்கம் அது. கடைசி எழுத்து வேற்றுமை உருபு போல மாறும்: இயேசு என்றால் அயோட்டா-சிக்மா, இயேசுவின் என்றால் அயோட்டா-இப்ஸிலான், இயேசுவை என்றால் அயோட்டா-நியூ.

பழக யோவானின் முதல் பக்கம் நல்லது. முதல் வசனத்திலேயே தீட்டா-நியூவும் தீட்டா-சிக்மாவும் பக்கத்தில் பக்கத்தில் வரும். இரண்டுமே கடவுள்தான்.

எண்ணுக்கும் மேலே கோடு போடுவார்கள், கவனம். ஓரத்தில் அயோட்டா-ஸ்டிக்மாவைப் பார்த்து நான் ‘இயேசு’ என்று குறித்து வைத்திருந்தேன். அது 16! ஸ்டிக்மா பார்வைக்குச் சிக்மா மாதிரியே இருக்கும். ஓரத்தில் தனியாக நின்றால் முதலில் எண் என்றே நினையுங்கள்.

ஆல்ஃபா-ரோ, டௌ-எப்ஸிலான் என்று இடையில் சிவப்பாக நுழைந்திருந்தால் அவை ‘தொடக்கம்’, ‘முடிவு’. கோயிலில் வாசிப்பவருக்கான குறி, வேதபாடம் அல்ல.

படி 5: கடைசி ஏடு

எழுதியவர் தேதி போட்டிருந்தால் அங்கேதான் இருக்கும். எல்லோரும் போடுவதில்லை. உஸ்பென்ஸ்கி நற்செய்தி என்று பெயர் பெற்ற 461ஆம் சுவடியில் இருக்கிறது. இன்று செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் உள்ள இந்தச் சின்னப் புத்தகத்தை எழுதியவர் நிக்கோலஸ் என்ற துறவி. தேதி: மே 7, உலக ஆண்டு (உலகம் படைக்கப்பட்டதிலிருந்து எண்ணுவது) 6343, இண்டிக்ஷன் (15 ஆண்டுச் சுற்றில் எத்தனையாவது ஆண்டு என்பது) 13. மே மாதம் என்பதால் 5508ஐக் கழியுங்கள். கி.பி. 835. (செப்டம்பர் முதல் டிசம்பர் வரை என்றால் 5509, அவர்களுக்குச் செப்டம்பர் 1தான் புத்தாண்டு.) தேதி குறித்த சிற்றெழுத்துச் சுவடிகளில் இதுவே மிகப் பழையது.

எண்ணைச் சரியாகப் படித்தோமா? 6343ஐ 15ஆல் வகுங்கள். மீதி 13. இண்டிக்ஷனும் 13. மீதி ஒத்துப்போகவில்லை என்றால் ஓர் எழுத்தைத் தப்பாகப் படித்திருக்கிறீர்கள், அல்லது எழுதியவரே பிசகியிருக்கிறார்.

படி 6: இனி உங்கள் பாடு

சுவிட்சர்லாந்தின் பாசல் பல்கலைக்கழக நூலகத்தில் 1ஆம் எண் சுவடியும் 2ஆம் எண் சுவடியும் இருக்கின்றன. 1516இல் வெளிவந்த தன் கிரேக்கப் புதிய ஏற்பாட்டுக்காக அறிஞர் எராஸ்மஸ் அச்சகத்துக்குக் கொடுத்த நற்செய்திப் பிரதி 2ஆம் சுவடி. 1ஆம் சுவடியில் விபசாரத்தில் பிடிபட்ட பெண்ணின் கதையைத் தேடுங்கள். யோவான் 7ஆம் அதிகாரத்துக்கும் 8ஆம் அதிகாரத்துக்கும் இடையில் கிடைக்காது. யோவான் நற்செய்தி முடிந்த பிறகும் இன்னும் கொஞ்சம் புரட்டுங்கள்.