கத்தரிக்கோலுக்கு முன்னால் இறகுத் தண்டைப் பாருங்கள்: கோழி றெக்கை வெட்டும் முறை

பாலக்கோடு பக்கம் எங்கள் ஊரில் வரப்புச் சண்டையைவிடக் கோழிச் சண்டை அதிகம். எங்கள் கருப்பு வெடைக்கோழி நாலடி வேலியை ஒரே எம்பில் தாண்டி, பக்கத்துக் கொல்லையில் தக்காளி நாற்றைக் கிளறிவிட்டு வரும். "இன்னொரு தடவை வந்துச்சுன்னா கொழம்பு எங்க வீட்ல" என்று அந்த அக்கா சொன்ன அன்று ராத்திரிதான் கத்தரிக்கோலை எடுத்தேன். எடுத்த வேகத்தில் தப்பும் செய்தேன்.

முதலில் ஒன்று. எல்லாக் கோழிக்கும் இது வேண்டாம். பகலெல்லாம் வெளியில் மேய்ந்து, நாய் துரத்தினால் மாமரத்தில் ஏறிக்கொள்ளும் கோழிக்கு றெக்கைதான் உயிர். வேலிக்குள் நிற்கும் கோழிக்கு மட்டும் வெட்டுங்கள். ஐந்து மாதம் ஆகாத குஞ்சுகளுக்கும் வேண்டாம். அவை இறகை மாற்றிக்கொண்டே இருக்கும் வயது.

1. கோழி அடைந்த பிறகு, இருட்டில் பிடியுங்கள். துரத்தவே வேண்டியதில்லை. ஒரு பழைய துண்டால் தலையை மூடினால் அடங்கிவிடும். நெஞ்சை மட்டும் இறுக்காதீர்கள். நெஞ்சுக்கூடு விரிந்து சுருங்கினால்தான் கோழிக்கு மூச்சு.

2. ஒரு பக்க றெக்கையை விசிறி மாதிரி விரியுங்கள். நுனிப் பக்கம் சுமார் 10 நீள இறகுகள் இருக்கும். பறக்க வைப்பது அவைதான். உடம்பை ஒட்டிய உள்வரிசையைத் தொட வேண்டாம்.

3. இறகுக்குப் பின்னால் டார்ச் அடித்துத் தண்டைப் பாருங்கள். வெட்டிப்போட்ட நகம் மாதிரி வெளுத்து, உள்ளே வெற்றாக இருந்தால் முற்றிய இறகு. வெட்டினால் வலிக்காது. அடித்தண்டு கருநீலமாக, கொழகொழவென்று இருந்தால் உள்ளே ரத்தம் ஓடுகிறது. அதை வெட்டவே கூடாது.

4. நீள இறகுகளின் மேல்பாதியைக் குட்டி இறகு வரிசை ஒன்று மூடியிருக்கும். அந்த வரிசை முடியும் இடத்திலிருந்து நுனிப் பக்கமாக ஒரு விரற்கடை தள்ளி வெட்டுங்கள். தையல் கத்தரிக்கோல் போதும்.

5. ஒரு றெக்கை மட்டும். இரண்டையும் வெட்டினால் சமமாகி, கெட்டிக்காரக் கோழி எப்படியாவது எம்பிவிடும். ஒன்றை வெட்டினால் ஒரு பக்கம் சாய்ந்து கீழே இறங்கிவிடும்.

நான் விட்டது மூன்றாவது படி. எட்டாவது இறகில் சொட்டுச் சொட்டாக ரத்தம். மஞ்சள் தூளை வைத்து ஐந்து நிமிடம் அழுத்திப் பிடித்ததும் நின்றது. அன்று ராத்திரியும் மறுநாளும் அதைத் தனியாகக் கொடாப்பில் கவிழ்த்து வைத்தேன். சிவப்பைக் கண்டால் மற்ற கோழிகள் விடாது. கொத்திக் கொத்தியே குதறிவிடும்.

சில மாதம் கழித்து அதே கோழிக்குக் கழுத்து மொட்டையானது. வாசலெல்லாம் இறகு. முட்டையும் நின்றுவிட்டது. மருந்துக் கடையில் ஒரு பொட்டலத்தைக் கட்டிக் கொடுத்தார்கள், நானும் தூவினேன். வீண் செலவு. அது நோயே இல்லை, இறகு மாற்றம். ஒன்றரை வயது வாக்கில் முதலில் வரும், பிறகு பெரும்பாலும் வருடத்துக்கு ஒருமுறை. பகல் குறையும் காலத்தில் தலையில் தொடங்கி, கழுத்து, உடம்பு, றெக்கை, வால் என்று இறங்கும். முடிய இரண்டு மூன்று மாதம் ஆகும். இறகில் ஏறக்குறைய 85 சதவீதம் புரதம். முட்டைக்குப் போக வேண்டிய சத்தெல்லாம் அதற்குப் போகிறது. கேழ்வரகு மட்டும் போட்டால் போதாது. கடலைப் புண்ணாக்கோ கருவாட்டுத் தூளோ, கரையானோ கொஞ்சம் சேருங்கள். முளைக்கும் குருத்திறகு வலிக்கும், அந்த நாட்களில் கையில் தூக்காதீர்கள்.

இறகு எங்கே போயிருக்கிறது என்பதே பாதி பதில். முதுகும் பின்தலையும் மட்டும் மொட்டையா? சேவல் மிதித்தது. பெட்டை குறைவாக, சேவல் அதிகமாக இருந்தால் ஒன்றிரண்டைக் குழம்புக்கு அனுப்புங்கள். நெஞ்சில் மட்டும் போயிருந்தால் அடைக்கோழி. முட்டைக்குச் சூடு படத் தானே பிடுங்கியிருக்கும். வால் அடியில், ரத்தக் கசிவோடு இருந்தால் ஒன்றையொன்று கொத்துகின்றன; இடநெருக்கடியும் சத்துக் குறைவும் பார்க்க வேண்டும்.

ஆசனவாயைச் சுற்றி இறகை விலக்கிப் பாருங்கள். இறகின் அடியில் வெள்ளைக் கட்டியாக ஈர் ஒட்டியிருந்தால் பேன். சாம்பலும் மணலும் கலந்து ஒரு குழியில் போட்டால் புரண்டு புரண்டு குளிக்கும். அதிகமானால் கால்நடை மருத்துவரிடம் போங்கள். வயலுக்கு அடிக்கும் மருந்தைக் கோழி மேல் தெளிக்கவே தெளிக்காதீர்கள். ராத்திரி மட்டும் ஏறிக் கடிக்கும் சிவப்பு உண்ணி பகலில் கோழி மேல் இருக்காது. டார்ச் எடுத்துக் கூண்டு மரத்தின் இடுக்கில் தேடுங்கள்.

இறகு மாறினால் வெட்டியதும் போய்ப் புதுசு முளைக்கும். எங்கள் கருப்பி நேற்று மறுபடியும் தக்காளி நாற்றில் நின்றது. பிடித்து டார்ச் அடித்தேன். தண்டு இன்னும் நீலம். அது வெளுக்கும்வரை வேலிக்கு மேல் பழைய மீன்வலையைக் கட்டியிருக்கிறேன், அந்த அக்காவுக்கு அரை டஜன் முட்டையும் போயிருக்கிறது.