திருவனந்தபுரம் செக்ரட்டேரியட்டை நின்னு பாக்குறது எப்படி

நாகர்கோவில், மார்த்தாண்டம், களியக்காவிளை பக்கத்துலருந்து திருவனந்தபுரம் போற நம்மாளுங்க தம்பானூர்ல எறங்கி ஆஸ்பத்திரிக்கோ சாலை பஜாருக்கோ போயிட்டு திரும்பிருவாங்க, எம்.ஜி. ரோட்டுல இருக்குற செக்ரட்டேரியட்டை, அதாவது கேரள அரசோட தலைமை ஆபீஸான அந்த வெள்ளைக் கட்டடத்தை, பஸ் ஜன்னல் வழியா பாத்ததோட சரி. 1956 நவம்பர் 1 வரைக்கும் தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு நாலு தாலுகாவும் முதல்ல திருவிதாங்கூர், அப்புறம் திருவிதாங்கூர்-கொச்சின்னு அந்தப் பக்கம்தான் இருந்துது, நம்ம ஊரு ஃபைலெல்லாம் அங்கதான் போச்சு. எங்க தாத்தா கடைசி வரைக்கும் அந்தக் கட்டடத்தை ராஜா காலத்துப் பேரான ஹஜூர் கச்சேரின்னுதான் சொன்னாரு.

சாயங்காலம் நாலு மணிக்கு மேல போங்க. முகப்பு மேக்கு பாத்து இருக்கு, காலைல வெயில் பின்னாலருந்து அடிக்கும், ஒண்ணும் எடுபடாது. சாயங்கால வெயில்ல தூண் ஒவ்வொண்ணோட நிழலும் சுவத்துல சாஞ்சு விழும், அப்பதான் அந்த தூணோட உருண்டையே கண்ணுக்குத் தெரியும்.

முதல்ல எதிர்ல இருக்குற சிலைகிட்ட நில்லுங்க. அதாலதான் அந்த முக்குக்கே ஸ்டாச்யூன்னு பேரு. கும்பகோணத்துல பொறந்த திவான் மாதவராவ் அவரு. ஆயில்யம் திருநாள் மகாராஜா காலத்துல, இவரு திவானா இருக்கும்போதுதான் செக்ரட்டேரியட்டுக்கு 1865ல அடிக்கல் போட்டு 1869ல கட்டி முடிச்சாங்க, பிளான் போட்டது சீஃப் இன்ஜினியர் வில்லியம் பார்ட்டன்.

இப்ப ரோட்டைத் தாண்டி வேலிகிட்ட, நடு முகப்புக்கு நேரா நில்லுங்க. ஒரு கையால கட்டடத்துல பாதியை மறைச்சுப் பாருங்க, மறைஞ்ச பாதி எப்படி இருக்கும்னு தெரிஞ்ச பாதியே சொல்லிரும். பழைய ரோம், கிரேக்கக் கோயில் பாணியோட முதல் அடையாளமே இந்த சரிசமம்தான், அப்புறம் நடுவுல தூண்வரிசை, அதுக்கு மேல முக்கோண முகப்பு, அரைவட்ட வளைவு. தூணோட தலைப்பகுதியை மட்டும் நிதானமா பாருங்க: ஒண்ணும் இல்லாம வெறும் பட்டையா இருந்தா டோரிக், ஆட்டுக்கொம்பு மாதிரி ரெண்டு பக்கமும் சுருண்டா ஐயோனிக், இலை இலையா விரிஞ்சா கொரிந்தியன். இது மூணையும் மனசுல வச்சுக்கிட்டா எந்த ஊரு பழைய ஆபீஸ், கோர்ட்டு, சர்ச்சுக்குப் போனாலும் உதவும்.

போறதுக்கு முன்னால ஒருதடவை தக்கலை பக்கம் பத்மநாபபுரம் அரண்மனையைப் பாத்துட்டுப் போறது ரொம்ப நல்லது. அங்க ஓட்டுக்கூரை தாழ்ந்து வந்து வாசல்ல தலையைக் குனிய வைக்கும், எல்லாம் மரம். இங்க அதே ராஜவம்சம் அண்ணாந்து பாக்க வைக்கிற தூணுக்கு மாறிட்டாங்க. ரெண்டையும் ஒரே வாரத்துல பாத்தப்பதான் எனக்கு அந்த மாற்றம் எவ்வளவு பெருசுன்னு உறைச்சுது. நேரம் இருந்தா பாளையம் தாண்டி நேப்பியர் மியூசியமும் பாருங்க, 1880ல முடிஞ்சது, அதுல நம்ம ஊரு கூரை திரும்ப வந்திருக்கும்.

செக்ரட்டேரியட்டுக்கு உள்ள தர்பார் ஹால் இருக்கு, ஆனா பாஸ் இல்லாம உள்ள விட மாட்டாங்க. அதே வளாகத்துலதான் 1998ல பாளையத்துல புது கட்டடம் வர்ற வரைக்கும் கேரள சட்டசபை நடந்துது. வேலி ஓரமா எப்பவும் யாராவது போராட்டப் பந்தல் போட்டு உக்காந்திருப்பாங்க, ஃபோட்டோ எடுக்கும்போது அவங்க முகம் விழுந்தா ஒரு வார்த்தை கேட்டுட்டு எடுங்க. அங்கருந்து தம்பானூருக்கு நடந்தே வந்துரலாம், நாகர்கோவில் பஸ் அங்கயே கெடைக்கும்.