மந்திரக் கல்லைத் தோண்டுவதற்கு முன்

நான் எழுதிய முதல் ஃபேன்டசி கதையில் ஒரு நீலக்கல் வரும். காயத்தை ஆற்றும், ஆளைப் பறக்க வைக்கும், வேண்டுமென்றால் காலத்தையும் நிறுத்தும். எட்டாவது படிக்கும் அக்கா மகன் வாசித்துவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டான்: "இவ்வளவும் செய்யுற கல்லு கையில இருந்தும் ராஜா ஏன் மாமா செத்தாரு?" கடலூர் வெயிலில் வியர்த்ததைவிட அன்று அதிகமாக வியர்த்தது.

எல்லாம் செய்யும் கல்லை வைத்துக் கதை நடத்த முடியாது. நம் பழைய கற்பனையில் வரும் கற்களைப் பாருங்கள். சூரியகாந்தக் கல் வெயில் பட்டால் தீயை உமிழும், சந்திரகாந்தக் கல் நிலவு பட்டால் நீரைக் கசியும். ஒரு கல்லுக்கு ஒரு வேலை, அதற்கும் ஒரு நிபந்தனை. சரி என்று நீலக்கல்லைத் தூக்கிப் போட்டுவிட்டு 'குரல்கல்' என்று ஒன்றை வைத்துக்கொண்டேன். பக்கத்தில் எழும் ஒலியை உறிஞ்சி வைத்துக்கொள்ளும். நெருப்பில் காட்டினால் ஒரே ஒரு முறை திருப்பித் தரும், பிறகு மணலாக உதிர்ந்துவிடும். செத்துப்போன அம்மாவின் குரல் இருக்கும் கல்லை எவன் நெருப்பில் போடுவான்? கதை தானாக நகர ஆரம்பித்தது.

அடுத்த தவறுதான் ஏறக்குறைய எல்லோரும் செய்வது. கதாநாயகன் குகைக்குள் போவான், சுவரில் கல் மின்னும், பிடுங்கிக்கொண்டு வந்துவிடுவான். நமக்குப் பக்கத்தில் நெய்வேலி இருக்கிறது. அங்கே பழுப்பு நிலக்கரி இருப்பது தெரிந்ததே 1930களில் ஒரு நிலத்தில் கிணறு தோண்டியபோதுதான். 1956இல் அதைத் தோண்டி எடுக்க நிறுவனம் வந்தது. கரியை எடுக்க அதைப் போலப் பல மடங்கு மண்ணை முதலில் அள்ளிக் கொட்ட வேண்டும். அந்த மண் மேடுகள் தூரத்திலிருந்து பார்த்தால் மலை மாதிரியே தெரியும். அதைவிடப் பெரிய சங்கதி தண்ணீர். கரிப் படிவத்துக்கு அடியில் நிலத்தடி நீர் அழுத்தத்தோடு நிற்கிறது. இரவு பகலாக இறைத்து அந்த அழுத்தத்தைக் குறைக்காவிட்டால் சுரங்கத்தின் தரையே பிளந்து நீர் மேலே வந்துவிடும். அப்புறம் நிலம் கொடுத்த ஊர்க்காரர்களின் வேலை, இழப்பீடு பற்றிய பேச்சு. அது இன்றைக்கும் ஓயவில்லை. வெறும் கரிக்கே இவ்வளவு என்றால் மந்திரக் கல்லுக்கு எவ்வளவு இருக்கும்! மேலே யாருடைய வயல் இருந்தது, தண்ணீரை யார் இறைக்கிறார்கள், அள்ளிய மண்ணை எங்கே கொட்டினார்கள் என்று எழுதிப் பாருங்கள். மந்திரவாதியே தேவைப்படாத அளவுக்குக் கதை கிடைக்கும்.

கல்லை வெட்டி எடுத்ததும் நேராக அரசன் கிரீடத்தில் பதித்துவிடுவதும் பிழைதான். புதுச்சேரிக்குத் தெற்கே அரிக்கமேட்டில் பிரிட்டிஷ் தொல்லியலாளர் வீலர் 1945இல் அகழாய்வு செய்தார். ரோமானிய மண்பாண்டத் துண்டுகள் கிடைத்ததால் புகழ்பெற்ற இடம். எனக்கு அவற்றைவிட அங்கே கிடைத்த மணிகளைத்தான் பிடிக்கும். கல்லிலும் கண்ணாடியிலும் செய்தவை, வேலை முடியாமல் பாதியில் நின்றவையும் உண்டு. கடுகளவு மணியில் உடையாமல் துளை போடுகிறவன் கைதான் அந்தக் கல்லுக்கு விலை வைக்கிறது. உங்கள் உலகத்தில் அந்தக் கை யாருடையது? துளை போடும்போது பறக்கும் தூளை மூச்சில் இழுத்தவன் என்ன ஆனான்?

பெயர் விஷயத்தை அதிகம் நீட்டவில்லை. 'இயம்' என்று முடித்தால் கனிமப் பெயராகிவிடும் என்ற நம்பிக்கையை மட்டும் விட்டுவிடுங்கள். அப்படிப் பார்த்தால் காவியமும் ஓவியமும்கூட கனிமம்தான்.

ஏன் எல்லாக் கல்லும் ஒளிவிட வேண்டும் என்பதும் எனக்குப் புரியவில்லை. விழுப்புரம் மாவட்டத்துத் திருவக்கரையில் கிடக்கும் கல்மரங்கள் ஏறத்தாழ 2 கோடி ஆண்டுப் பழசு. மரத்தின் இழைகளுக்குள் சிலிக்கா புகுந்து கல்லாக்கிவிட்டது. கண்ணுக்கு வெறும் மரக்கட்டைதான், தொட்டால்தான் சில்லென்று கல் என்பது தெரியும். சிலப்பதிகாரத்தில் ஒரு நாட்டின் விதியை மாற்றிய மாணிக்கம் சிலம்புக்குள் ஒளிந்திருந்த பரல். உடைத்த பிறகுதான் அது முத்து இல்லை என்று பாண்டியனுக்கே தெரிந்தது. மின்னுவதை விட்டுவிட்டு எடை, குளிர்ச்சி, குலுக்கினால் வரும் சத்தம் என்று எழுதினால் வாசிக்கிறவன் கையில் கல் வந்து உட்காரும்.

இதையெல்லாம் திருத்தி எழுதிய குரல்கல் கதையைப் போன மாதம் சில்வர் பீச்சில் உட்கார்ந்து அக்கா மகனுக்கு வாசித்துக் காட்டினேன். சுண்டல் பொட்டலத்தைக் காலி செய்துவிட்டுக் கேட்டான்: "அந்தக் கல்ல வெட்டுறப்போ உளி சத்தமும் உள்ள போயிடுமே மாமா?"

இப்போது கதையில் அம்மாவின் குரலுக்குப் பின்னால் யாரோ ஒருவன் கல் உடைத்துக்கொண்டே இருக்கிறான்.