தேவதாரு: விதையிலிருந்து கன்று எடுப்பது எப்படி

சிம்லா பக்கத்து நாற்றங்கால்களில் தேவதாரு கன்றாகவே கிடைக்கும். தோட்டத்துக்கு ஒரே ஒரு மரம் போதும் என்றால் அதை வாங்கி வைத்துவிடுங்கள், அதுதான் சுலபம். விதை போட்டு முளைக்க வைத்தே தீருவேன் என்பவர்களுக்கு இந்தக் குறிப்பு. சிம்லாவில் என் பால்கனியில் செய்து பார்த்த முறை இது.

மேற்கு இமயமலையில் சுமார் 1,500 முதல் 3,200 மீட்டர் உயரத்தில் காடாக வளரும் மரம் இது. சென்னை, மதுரைக்காரர்கள் ஆசைப்பட வேண்டாம்: முளைக்க வைத்துவிடலாம், சித்திரை வெயிலைத் தாண்டாது. ஊட்டி, கொடைக்கானல் குளிரில் முயன்று பார்க்கலாம்.

விதை

அக்டோபர், நவம்பரில் கூம்புகள் (செதில்களுக்கு இடையே விதை இருக்கும் காய் போன்றவை) பழுப்பாகும். பைன் கூம்பு போல இது முழுசாகக் கீழே விழாது. கிளையில் நிமிர்ந்து நின்றபடியே செதில் செதிலாக உதிரும், விதைகள் காற்றில் போய்விடும். தரையில் மரத்தில் செதுக்கிய ரோஜா மாதிரி கிடப்பது கூம்பின் நுனி மட்டுமே. அலமாரியில் வைக்க அழகாக இருக்கும், ஆனால் விதை பெரும்பாலும் முன்பே பறந்திருக்கும். முழுக் கூம்பு கிடைத்தால் தாளில் பரப்பி வெயிலில் வையுங்கள், தானாகப் பிரியும். காப்புக்காட்டுக்குள் போய்ப் பொறுக்காதீர்கள், அதற்கு வனத்துறை அனுமதி வேண்டும்.

விதையைத் தொட்டால் விரலில் பிசின் ஒட்டும். இறக்கையை மெதுவாகக் கிள்ளி எடுங்கள், உள்ளங்கையில் போட்டுத் தேய்க்காதீர்கள். விதைத்தோலில் இருக்கும் பிசின் பைகள் உடைந்தால் முளைப்பு குறையும். எண்ணெய்ப் பசை உள்ள விதை என்பதால் சாதாரண அறையில் வைத்தால் சீக்கிரம் செத்துவிடும். இணையத்தில் 'எப்போது எடுத்தது' என்று சொல்லாமல் விற்கும் பாக்கெட்டுகளை நான் வாங்குவதே இல்லை. கையிலுள்ளதில் நாலைந்தை பிளேடால் குறுக்கே வெட்டிப் பாருங்கள். வெள்ளையாகச் சதைப்பற்றோடு இருந்தால் நல்ல விதை. காலியாகவோ பழுப்பாகவோ இருந்தால் மீதியும் அப்படித்தான் இருக்கும்.

ஃப்ரிட்ஜ்

பலரும் இடறுவது இங்கேதான், அதனால் கொஞ்சம் நிதானமாகப் படியுங்கள். விதையை ஓர் இரவு தண்ணீரில் ஊற வையுங்கள். அப்புறம் ஈரமான தேங்காய் நார்த்தூளில் கலந்து ஜிப் பையில் போட்டு, 3 முதல் 5 டிகிரி குளிரில் இரண்டிலிருந்து நான்கு வாரம் வைக்க வேண்டும். ஃப்ரிட்ஜின் கீழ்த்தட்டுக்குள் வையுங்கள். ஃப்ரீசர் கூடவே கூடாது, ஊறிய விதை உறைந்தால் உள்ளே கிழிந்துவிடும்.

எவ்வளவு ஈரம் என்பதுதான் கேள்வி. நார்த்தூளை ஒரு கைப்பிடி எடுத்து இறுக்கிப் பிழியுங்கள். ஒரு சொட்டு, மிஞ்சினால் இரண்டு சொட்டு வரலாம். அதற்கு மேல் ஒழுகினால் பூஞ்சை பிடிக்கும். வாரம் ஒருமுறை பையைத் திறந்து முகர்ந்து பாருங்கள். பிசின் வாசனை வந்தால் சரி, புளித்த வாடை வந்தால் விதையைக் கழுவிப் புதுத் தூளில் மாற்றுங்கள். குளிர் படாமலும் கொஞ்சம் முளைக்கும், ஆனால் முன்னும் பின்னுமாக இழுத்தடிக்கும்.

ஃப்ரிட்ஜில் இடம் தர வீட்டில் ஒப்பவில்லையா? நவம்பர் கடைசியில் வெளியே தொட்டியில் விதைத்துவிட்டால் குளிர்காலமே அந்த வேலையைச் செய்துவிடும். எலிக்கும் பறவைக்கும் கம்பிவலை போட மறக்க வேண்டாம்.

விதைப்பு

ஆணிவேர் நீளமாக இறங்கும். அதனால் அகலத் தட்டு வேண்டாம், உயரமான பாலித்தீன் பை நல்லது. எனக்குப் பிடித்தது கழுத்தை வெட்டி, அடியில் ஓட்டை போட்ட இரண்டு லிட்டர் குளிர்பான பாட்டில். காசும் இல்லை, வேர் எங்கே போகிறது என்றும் தெரியும் (வெளிப்பக்கம் கறுப்புத் தாள் சுற்றி வையுங்கள்). பாதி ஆற்றுமணல், பாதி நார்த்தூள். தோட்ட மண்ணும் மட்கிய இலையும் இந்தக் கட்டத்தில் வேண்டாம். ஒரு சென்டிமீட்டர் ஆழத்தில் விதைத்து, மேலே பருமணல் தூவுங்கள்.

முளைக்க மூன்று நான்கு வாரம் ஆகலாம். வரும்போது விதைத்தோலைத் தொப்பி போலப் போட்டுக்கொண்டு வரும். கை பரபரக்கும், பிடுங்காதீர்கள், உள்ளே இருக்கும் ஊசி இலைகளும் சேர்ந்து வந்துவிடும். காலையில் லேசாகத் தண்ணீர் தெளித்தால் தோல் இளகி, பத்துப் பன்னிரண்டு ஊசிகள் தானே விரியும்.

முளைத்த பிறகு வரும் எமன் நாற்றழுகல். தண்டு மண்ணைத் தொடும் இடத்தில் நூலாக மெலிந்து, கன்று ஒரே ராத்திரியில் சாயும். சாய்ந்ததைக் காப்பாற்ற முடியாது. தண்ணீரை அடித்தட்டில் ஊற்றி உறிஞ்ச விடுங்கள், காற்றோட்டம் கொடுங்கள். மேலே பருமணல் போடச் சொன்னதும் இதற்காகத்தான்.

பின்சேர்க்கை: இதைப் படித்து விதைத்தவர்கள் இரண்டு சந்தேகம் கேட்டார்கள். ஃப்ரிட்ஜில் வைத்த பைக்குள்ளேயே வெள்ளை வேர் எட்டிப் பார்த்தால் நாள் கணக்குப் பார்க்காமல் உடனே வேர் கீழ்நோக்கி இருக்கும்படி விதைத்துவிடுங்கள், வேர் நுனி ஒடிந்துவிடக் கூடாது. கன்றின் உச்சி தலை தொங்கி நிற்பது நோயில்லை. தேவதாருவின் நுனித் தளிர் இயல்பாகவே வளைந்துதான் நிற்கும், பிறகு தானே நிமிரும். குச்சி நட்டுக் கட்ட வேண்டாம். தரையில் நடும்போது மட்டும் சுவரை விட்டு நன்றாகத் தள்ளி நடுங்கள், காட்டில் இது 40, 50 மீட்டர் போகிற மரம்.